தாத்தா நிலத்தில் உங்களுக்கும் பங்குண்டு என்று நிரூபிப்பது எப்படி?

இந்தக் கையேட்டைப் படிப்பதற்குச் சில தகுதிகள் உண்டு. உங்கள் தாத்தா பெயரில் எங்காவது ஒரு கிராமத்தில் நிலம் இருந்திருக்க வேண்டும். அந்த நிலத்தை நீங்கள் கடைசியாகப் பார்த்தது அரைக்கால் சட்டை போட்ட வயதில் என்று இருக்க வேண்டும். அண்மையில் அதையொட்டிப் புறவழிச்சாலைக்குக் கல் நட்டிருக்க வேண்டும். மூன்றும் பொருந்தினால் தாத்தாவின்மேல் உங்களுக்குத் திடீரென்று ஒரு பாசம் பொங்கும். அவருடைய இனிஷியல் என்னவென்று தெரியாவிட்டாலும் பொங்கும். தடுக்காதீர்கள். இந்த வழக்கில் செலவில்லாமல் கிடைக்கப்போகும் ஒரே பொருள் அதுதான்.

நிலத்தை இப்போது பெரியப்பா மகன் உழுதுகொண்டிருப்பார். வக்கீல் நோட்டீசு போகும் நாள்வரை அவர் உங்களுக்கு அண்ணன். அதற்குப் பிறகு 1ஆம் பிரதிவாதி. அவர் கையில் பட்டா இருக்கிறது, கிஸ்தி ரசீது இருக்கிறது, அடங்கல் நகல் இருக்கிறது. உங்கள் கையில் இருப்பது நீங்களும் அதே தாத்தாவின் பேரன் என்ற உண்மை மட்டும். உண்மைக்குச் சான்றாவண எண் போடும்வரை கோர்ட்டில் அதற்கு நாற்காலி கிடையாது. போடும் வழிகள் பின்வருமாறு.

முதலில் தாத்தா இறக்க வேண்டும்

அவர் இறந்து நாற்பது ஆண்டுகள் ஆகியிருக்கலாம். நீங்களே கொள்ளிக்கு நெய்ப்பந்தம் பிடித்திருக்கலாம். ஆனால் காகிதத்தில் அவர் உயிரோடுதான் இருக்கிறார். கிணற்று மோட்டார் மின் இணைப்பு அவர் பெயரில்தான் ஓடுகிறது. அக்காலத்தில் கிராமத்தில் யாரும் சாவைப் பதிவு செய்ய ஓடவில்லை. சொல்லியனுப்பவே நேரம் போதவில்லை. இப்போது பதிய வேண்டுமென்றால், ஓராண்டு கடந்த மரணத்துக்கு ஆர்.டி.ஓ. ஆணை வேண்டும். எனவே தாத்தா எந்த ஆண்டு இறந்தார் என்று ஊர்ப் பெரியவர்களைக் கேளுங்கள். "பெரிய புயல் அடிச்ச வருசம்" என்பார்கள். எந்தப் புயல் என்று கேட்டால், "உங்க தாத்தா செத்த வருசம் அடிச்சுதே, அது" என்பார்கள். ஆண்டு முக்கியம். 1956 ஜூன் 17க்கு முன்னா பின்னா என்பதைப் பொறுத்துச் சட்டமே மாறும்.

அடுத்தது பெயர். பழைய பத்திரத்தில் தாத்தாவுக்கு ஒரு பெயர், பட்டாவில் இன்னொன்று, ஊர் கூப்பிட்டது மூன்றாவது. மூன்றும் ஒரே ஆள் என்று காட்டுவதற்குள் அவரை நேரில் பார்த்த சாட்சிகள் ஒவ்வொருவராகக் குறைந்துகொண்டே வருவார்கள். ஆகவே வாய்தாக்களைக் குறைத்துக்கொள்ளுங்கள். இது முடியாது, ஆனாலும் வழிகாட்டிக் கையேடு என்றால் சொல்லித்தான் ஆக வேண்டும்.

பிறகு வம்சாவளி. இரண்டு தாரம் கட்டியவர் என்றால் இரண்டு கிளை. மலாயாவுக்கோ ரங்கூனுக்கோ போய்த் திரும்பாத சின்னத் தாத்தா ஒருவர் எல்லாக் குடும்பத்திலும் இருப்பார். ஏழு ஆண்டுகள் ஒரு சேதியும் இல்லையென்றால் அவர் இறந்ததாகக் கொள்ளலாம் என்று சாட்சியச் சட்டம் அனுமதிக்கிறது. அவருக்கு அங்கே பிள்ளைகள் இருந்தார்களா என்பதை மட்டும் சட்டம் ஊகித்துச் சொல்லாது. இந்தக் கேள்வியை எதிர்த்தரப்பு வக்கீல் பத்திரமாக வைத்திருந்து கடைசியில் கேட்பார். தாசில்தார் தரும் வாரிசுச் சான்றிதழை எடுத்துக்கொண்டு துள்ளாதீர்கள். இன்னார் இன்னாருக்கு வாரிசு என்று அது சொல்லும். நிலம் யாருடையது என்று சொல்லாது.

அத்தைகளை மறக்கும் கலை

தமிழ்நாட்டுப் பாக வழக்குகளில் பாதி, அத்தைகள் இருப்பதை மறந்ததால் வருபவை. எண்ணிப் பார்த்துச் சொல்லவில்லை, கண்ணால் பார்த்துச் சொல்கிறேன். தாத்தாவின் ஆண்பிள்ளைகள் உட்கார்ந்து பேசி நிலத்தை மூன்றாகப் பிரிப்பார்கள். நாலாவது, ஐந்தாவது பிள்ளைகள் அந்த நேரத்தில் அடுப்படியில் காப்பி போட்டுக்கொண்டிருப்பார்கள். கேட்டால், "அதான் சீர் செஞ்சு கட்டிக் கொடுத்தாச்சே" என்று பதில் வரும். சீர்வரிசை கொடுத்தால் மகளின் பாகம் கழிந்துபோகும் என்று எந்தச் சட்டத்திலும் எழுதியிருக்கவில்லை.

தேதிகளை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள்; சாந்தி முகூர்த்தத் தேதியைக்கூட மறக்கலாம், இவற்றை மறக்கக் கூடாது. 1989 மார்ச் 25 முதல் தமிழ்நாட்டில், அன்று மணமாகாதிருந்த மகள் கூட்டுக் குடும்பச் சொத்தில் மகனைப் போலவே பிறப்பால் பங்காளி. 2005 செப்டம்பர் 9 முதல் நாடு முழுவதும், மணமானவரா ஆகாதவரா என்ற கேள்வியே இல்லாமல், மகளும் மகனும் சமம். அந்தத் தேதியில் அப்பா உயிரோடு இருந்திருக்க வேண்டுமா என்று கோர்ட்டுகள் பல ஆண்டுகள் இழுத்துக்கொண்டிருந்தன. 2020 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள், வேண்டியதில்லை என்று முடித்துவைத்தார்கள். 2022இல் வேறொரு வழக்கில் உச்ச நீதிமன்றம் இன்னொரு படி பின்னே போனது: 1956க்கு முன்பே உயில் எழுதாமல் இறந்தவருக்கு ஆண்வாரிசு இல்லையென்றாலும், அவர் தானே சம்பாதித்த சொத்து மகளுக்குத்தான், அண்ணன் தம்பி மகன்களுக்குப் போகாது.

ஆனால் 2005 திருத்தத்தில் ஒரு ஓட்டை விட்டிருந்தார்கள். 2004 டிசம்பர் 20க்கு முன்பே பாகப்பிரிவினை நடந்திருந்தால் அதைத் தொட முடியாது. அவ்வளவுதான். அந்தத் தேதிக்கு முந்தைய சில ஆண்டுகளில் தமிழகக் கிராமங்களில் எத்தனை வாய்மொழிப் பாகங்கள் நடந்திருக்கின்றன என்பது எதிருரைகளைப் படித்தால்தான் தெரியும். வேப்பமரத்தடியில், ஊர் நாட்டாமை முன்னிலையில், வெற்றிலை பாக்கு மாற்றி. நாட்டாமை காலமாகியிருப்பார். வேப்பமரத்தையும் வெட்டியிருப்பார்கள். இந்த உத்தியை நீங்களும் கையாளலாம் என்று சொல்ல ஆசைதான். ஆனால் திருத்தச் சட்டம் பதிவான பத்திரத்தையோ கோர்ட் தீர்ப்பாணையையோதான் பாகப்பிரிவினையாக ஏற்கிறது. வாய்மொழிப் பாகத்தை, அரசுப் பதிவேடுகள் அசைக்க முடியாதபடி துணை நின்றால் மட்டும், அபூர்வமாக ஏற்கலாம் என்று 2020 தீர்ப்பு சொல்லிவிட்டது.

நீங்கள் அத்தை மகன் என்றால் இந்தப் பகுதியைச் சட்டகம் போட்டு மாட்டிக்கொள்ளுங்கள். மாமன் மகன் என்றால், "ஒரு கையெழுத்துப் போட்டுட்டுப் போங்க அத்தை" என்று விடுதலைப் பத்திரம் வாங்குவதற்கு வீட்டுக்குப் போகும்போது வெறுங்கையோடு போகாதீர்கள். வயல் பக்கம் இருபது வருடமாக எட்டிப் பார்க்காத அத்தைகூட, வழிகாட்டி மதிப்பைச் செல்போனில் பார்த்து வைத்திருக்கிறார்.

பட்டா மயக்கம்

"பட்டா என் பேர்ல இருக்கு" என்று பெரியப்பா மகன் சொல்லும்போது குரலில் ஒரு கனம் இருக்கும். கேட்டதும் உங்களுக்கு வயிறு கலங்கும். கலங்க வேண்டாம். அந்தப் பட்டா எப்படி வந்தது என்று பாருங்கள். 1979 தொடங்கி 1987 வரை தமிழ்நாடு முழுக்க நிலப்பதிவேடுகளைப் புதுப்பித்தார்கள். அதுதான் ஊரில் எல்லாரும் யு.டி.ஆர். என்று சொல்வது. அதிகாரிகள் ஊருக்கு வந்த அன்று உங்கள் அப்பா திருப்பூரில் பனியன் கம்பெனியில் இருந்தார். சித்தப்பா ராணுவத்தில் இருந்தார். பெரியப்பா திண்ணையில் இருந்தார். பட்டாவும் திண்ணையில் இருந்தவர் பெயருக்கு வந்தது. யு.டி.ஆர். பிழை திருத்தக் கோரும் மனுக்கள் இன்றைக்கும் மாவட்ட வருவாய் அலுவலர் முன் வரிசையில் நிற்கின்றன என்றால் காரணம் பெரும்பாலும் திண்ணைதான்.

பட்டா உரிமைப் பத்திரம் அல்ல, வரி யாரிடம் வசூலிப்பது என்று அரசு குறித்துவைத்த பதிவு மட்டுமே என்று கோர்ட்டுகள் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டன. எனவே அண்ணன் பெயரில் தனிப்பட்டா இருப்பதால் உங்கள் பங்கு செத்துவிடாது. அதே நியாயப்படி, கூட்டுப் பட்டாவில் உங்கள் அப்பா பெயர் ஏழாவதாக இருப்பதால் மட்டும் உங்களுக்குப் பங்கு பிறந்துவிடவும் செய்யாது. ஆனாலும் அந்தக் கூட்டுப் பட்டாவை விடாதீர்கள். சொந்தமாக வாங்கியது என்று இன்று சொல்பவர், அன்று ஏன் தம்பிகள் பெயரையும் சேர்த்து எழுத விட்டார் என்று கேட்கலாம். நல்ல கேள்வி. கேட்டுவிட்டு, உட்கார்ந்துவிடுங்கள்.

யு.டி.ஆருக்கு முந்தைய 'அ' பதிவேடு, பழைய சிட்டா, அடங்கல் ஆகியவற்றின் சான்றிட்ட நகல்களுக்கு மனுப்போடுங்கள். அவற்றில் வருடம் பசலியில் இருக்கும். 590ஐக் கூட்டிக்கொள்ளுங்கள்: பசலி 1390 என்றால் 1980 ஜூலை முதல் 1981 ஜூன் வரை. இந்தக் கணக்கைத் தெரிந்துகொண்டு வி.ஏ.ஓ. அலுவலகத்தில் பேசினால் மரியாதை கொஞ்சம் கூடும். நகல் கிடைக்கும் வேகம் கூடாது. 1980இல் பரம்பரைக் கணக்குப்பிள்ளைகள் பதவியை ஒழித்தபோது, சில ஊர்க் கணக்குகளும் அவர்கள் வீட்டுப் பரணோடு போயின என்று ஊரில் சொல்வார்கள். கணக்குப்பிள்ளையின் பேரனிடம் நட்பாக இருங்கள்.

கிஸ்தி ரசீதுகளைச் சேகரியுங்கள். மின்கட்டண ரசீதைத் தேடாதீர்கள்: விவசாய மின்சாரம் இலவசம், ஆகையால் ரசீதே இருக்காது.

மூலப்பத்திரம்

தாத்தாவின் தகரப்பெட்டியில் பத்திரம் இருந்தது என்பார்கள். இருந்தது உண்மைதான், பிறகு கரையான் இருந்தது. கவலை வேண்டாம், சார்பதிவாளர் அலுவலகத்தில் சான்றிட்ட நகல் கிடைக்கும். பத்திர எண்ணும் ஆண்டும் தெரிந்தால் போதும். தெரியாவிட்டால் பக்கத்து நிலத்துக்காரரின் பத்திரத்தைப் பாருங்கள்; அதில் எல்லையாக உங்கள் தாத்தா நிற்பார். அசலே கிடைத்தால் இன்னும் நல்லது. முப்பது ஆண்டுக்கு மேற்பட்ட பத்திரம், இருக்க வேண்டியவரிடமிருந்து வந்தால், கையெழுத்தை நிரூபிக்கச் சாட்சி தேட வேண்டியதில்லை. அதில் எழுதியிருப்பதெல்லாம் உண்மை என்று இதற்கு அர்த்தமில்லை.

சொத்து விவரத்தை நிதானமாகப் படியுங்கள். தமிழ் உரைநடையில் இதற்கு இணையான வகை வேறில்லை. இன்னார் நிலத்துக்குத் தெற்கு, வண்டிப்பாதைக்கு மேற்கு, ஓடைக்கு வடக்கு, கமலைக்கிணற்றுக்குக் கிழக்கு, இந்த நான்கெல்லைக்கு உட்பட்ட நிலம், அதில் பொதுவில் சரிபாதி, மேற்படி கிணற்றில் நாலில் ஒன்று, முறைத் தண்ணீர் பாயும் பாத்தியதை, மாமூல் தடப் பாத்தியதை, மாவடை மரவடை. ஓடை இப்போது குடியிருப்பாகிவிட்டது. கமலை என்றால் என்னவென்று உங்கள் மகனுக்குத் தெரியாது. இன்னாரின் நிலம் நான்கு கை மாறிவிட்டது. இருந்தாலும் பத்திரத்தில் உள்ள பரப்பும் எல்லையும் ஒத்துவராவிட்டால் பொதுவாக எல்லைக்குத்தான் மதிப்பு. ஆகவே இல்லாத ஓடையை இருந்தது என்று காட்டும் புலப்படத்தைத் தேடிப் பிடியுங்கள்.

இதிலே உங்களுக்கான தங்கம், 'பொதுவில்' என்ற ஒரு சொல். அது இருந்தால் நிலம் அன்றைக்குப் பிரிபடவில்லை. பிரிபடாத நிலத்தில் ஒவ்வொரு பங்காளிக்கும் ஒவ்வொரு அங்குலத்திலும் பங்குண்டு: ரோட்டோரத் தென்னையிலும் உண்டு, பின்னால் இருக்கும் பாறையிலும் உண்டு. அண்ணன் உங்களுக்குப் பாறையை மட்டும் தரத் தயாராக இருப்பார்.

கிணற்றுப் பங்கையும் விடாதீர்கள். மூன்று தலைமுறை தாண்டினால் அது தொண்ணூற்றாறில் ஐந்து என்று வந்து நிற்கும். ஆழ்துளைக் கிணறுகள் வந்த பிறகு அந்தக் கிணற்றில் தண்ணீர் வற்றி ஆண்டுகள் பல. பங்கு வற்றவில்லை.

பெரியம்மாவின் நகை

இனி முக்கியமான கட்டம். அண்ணன் சொல்வார்: பூர்வீகம் அரை ஏக்கர்தான், மீதி இரண்டரை ஏக்கர் அப்பா சுயமாகச் சம்பாதித்தது. எதை வைத்து? பெரியம்மாவின் நகையை விற்று. தமிழ்நாட்டில் சுயார்ஜிதமாக வாங்கிய நிலங்கள் எல்லாம் பெரியம்மாக்களின் நகையை விற்றே வாங்கியவை. அவ்வளவு நகை போட்டுப் பெண் கொடுத்த குடும்பங்களின் வரலாற்றை யாராவது எழுத வேண்டும். நகை கிடைக்காத இடத்தில் எருமைப் பால் வரும்.

இதை உடைக்கும் பொறுப்பு உங்களுடையது. கூட்டுக் குடும்பம் இருந்தது என்று காட்டினால் போதாது. அந்தக் குடும்பத்துக்கு வருமானம் தந்த ஒரு மூலச் சொத்து இருந்தது, அந்த வருமானத்தின் மிச்சத்தில் அடுத்த நிலத்தை வாங்கியிருக்க முடியும் என்று முதலில் நீங்கள்தான் நிரூபிக்க வேண்டும். வக்கீல்கள் இதை 'நியூக்ளியஸ்' என்பார்கள். அதைக் காட்டிவிட்டால், நகையையும் எருமையையும் கூண்டுக்குக் கொண்டுவரும் சுமை அண்ணன் தலைக்கு மாறும். ஆகவே அந்த அரை ஏக்கர் மானாவாரியில் கடலை எப்படிக் காய்த்தது என்று வர்ணிக்கத் தயாராகுங்கள். மழையே பெய்யாத வருடங்களிலும் உங்கள் பிராதில் கடலை காய்க்க வேண்டும்.

இங்கே ஒரு பள்ளம் இருக்கிறது, பார்த்து நடங்கள். 'பூர்வீகம்' என்று ஊரில் சொல்வதெல்லாம் சட்டத்தில் பூர்வீகம் அல்ல. தாத்தா சுயமாக வாங்கி, 1956க்குப் பிறகு உயில் எழுதாமல் இறந்திருந்தால், அது உங்கள் அப்பாவுக்கும் அவருடன் பிறந்தவர்களுக்கும் தனித்தனி வாரிசுச் சொத்தாக வருகிறது. பாட்டி இருந்திருந்தால் அவருக்கும் சேர்த்து. அதில் பேரனுக்குப் பிறப்புரிமை ஏதும் இல்லை என்று 1986லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அப்பா உயிரோடு இருந்தால் வழக்குப் போட வேண்டியவர் அவர். அவரோ, "கூடப் பொறந்தவன்மேல கேஸ் போட்டுட்டு நான் எப்படிடா கெடா வெட்டுக்குப் போவேன்?" என்று கேட்டுவிட்டுத் தொலைக்காட்சியைச் சத்தமாக வைப்பார். வழக்குகளின் முதல் தோல்வி பெரும்பாலும் கூடத்திலேயே நடந்துவிடுகிறது.

வெளியே இருந்தபடி உள்ளே இருப்பது

இனி கோர்ட் கட்டணம். 1955ஆம் வருடத்துத் தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டத்தின் 37ஆம் பிரிவைப் போல மனித மனத்தை அறிந்த இலக்கியம் குறைவு. நிலத்தை விட்டு உங்களை விலக்கிவிட்டார்கள் என்று நீங்கள் சொன்னால், உங்கள் பங்கின் சந்தை மதிப்புக்கு ஏற்பக் கட்டணம் கட்ட வேண்டும். நீங்களும் கூட்டாக அனுபவித்து வருகிறீர்கள் என்று சொன்னால், சொற்பமான நிலைக் கட்டணம். உடனே எல்லா வாதிகளும் கூட்டு அனுபவத்தில் இருக்கிறார்கள். துபாயில் இருப்பவர் இருக்கிறார். மாம்பலத்தில் மூன்றாவது மாடியில் இருப்பவர் இருக்கிறார்.

சட்டமும் இதற்கு இடம் கொடுக்கிறது. ஒரு கூட்டுரிமையாளர் உழுதால் மற்ற எல்லாருக்காகவும் உழுவதாகவே பொருள். நாற்பது ஆண்டு தனியாக உழுதார் என்பதால் மட்டும் அண்ணனுக்கு அனுபோக பாத்தியம் வந்துவிடாது. உங்கள் உரிமையை வெளிப்படையாக மறுத்து, உங்களுக்குத் தெரியும்படி, 12 ஆண்டுகள் தனக்கே என்று அவர் வைத்திருந்ததை நிரூபித்தாக வேண்டும். ஆகவே, "என்னை நிலத்துக்குள்ளயே விடமாட்டேங்கறியே" என்று கோபத்தில் அவருக்குப் பதிவுத் தபால் அனுப்பாதீர்கள். அனுப்பினால் அந்தப் பன்னிரண்டு வருடக் கடிகாரத்துக்குச் சாவி கொடுத்தது நீங்கள்தான். அண்ணனோ ஒரு தடவையும் எழுத்தில் மறுக்க மாட்டார். "வாடா, உனக்கு இல்லாததா" என்றுதான் முப்பது வருடமாகச் சொல்லிக்கொண்டிருப்பார். அதுவே உங்களுக்குச் சாதகம் என்பது அவருக்குத் தெரியாது.

கூட்டு அனுபவத்துக்குச் சான்றாகப் பொங்கலுக்கு வந்த அரை மூட்டை அரிசி, கோடையில் பஸ்ஸில் ஏற்றிவிட்ட மாம்பழக் கூடை, குலதெய்வக் கோயில் புகைப்படம் ஆகியவற்றை வரிசைப்படுத்துங்கள். பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை நிலத்தைப் போய்ப் பாருங்கள். நிறையப் பேர் இதைச் செய்வதில்லை. விளைவு, குறுக்கு விசாரணையில் இப்படி அமையும்.

"நிலத்துக்கு மேற்கே என்ன இருக்கு?"

"ரோடு."

"ரோடு போன வருசம் வந்தது. அதுக்கு முன்னாடி?"

"அதுக்கு முன்னாடி... நிலம்."

"கிணத்துக்குள்ள இறங்கப் படி எந்தப் பக்கம்?"

"மோட்டார் இருக்கே, படி எதுக்குங்க?"

வாக்குமூலத்தில் இது, 'கிணற்றின் படி எந்தப் பக்கம் என்று எனக்குத் தெரியாது. எனக்கு நிலத்தோடு தொடர்பே இல்லை என்று சொன்னால் சரியல்ல' என்று பதிவாகும். கோர்ட்டுத் தமிழில் 'சரியல்ல' என்று சொல்லிச் சொல்லியே ஒரு மனிதன் மெல்ல மெல்லத் தோற்க முடியும். படி வடமேற்கில் இருக்கும். போய்ப் பார்த்துவிட்டு வாருங்கள்.

வெள்ளைத்தாள்

எங்கேயோ ஒரு கூர்சீட்டு இருக்கும். இருபது ரூபாய் முத்திரைத்தாளிலோ, வெறும் கோடு போட்ட தாளிலோ, அப்பா, பெரியப்பா, சித்தப்பா மூவரும் கையெழுத்துப் போட்டது. அதை வைத்துக்கொண்டு ஆடுவதற்கு முன் ஒரு முறை படியுங்கள். 'இன்று முதல் இவ்வாறு பிரித்துக்கொள்கிறோம்' என்று இருந்தால் அது பாகப்பிரிவினைப் பத்திரம். பதிவு செய்யாததால் பாகத்தை நிரூபிக்க உதவாது. முத்திரைக் கட்டணம் குறைந்திருந்தால் பத்து மடங்கு அபராதமும் கட்டச் சொல்வார்கள். 'முன்பே வாய்மொழியாகப் பிரித்துக்கொண்டதை ஞாபகார்த்தமாக எழுதி வைக்கிறோம்' என்று இருந்தால் பதிவு தேவையில்லை. எழுதிய ஊர் வாத்தியார் எந்தக் காலத்தில் வினைச்சொல்லைப் போட்டார் என்பதில் மூன்று ஏக்கர் தொங்குகிறது.

உங்களுக்கோ கூட்டுச் சொத்து என்று நிரூபிக்க வேண்டும். கூர்சீட்டு செல்லுபடியானால் நிலம் எப்போதோ பிரிந்துவிட்டது என்று ஆகும். ஆகவே அதைக் கண்டுபிடித்துவிட்டுக் காணவில்லை என்று சொல்லத் தோன்றும். அண்ணனிடம் ஜெராக்ஸ் இருக்கும்.

யாரையும் விட்டுவிடாதீர்கள்

எல்லாப் பங்காளிகளையும் கட்சி சேருங்கள், எல்லாச் சொத்துகளையும் அட்டவணையில் போடுங்கள். ஒருவரை விட்டாலும், ஒரு சர்வே எண்ணை விட்டாலும் வழக்கு விழலாம். 'எல்லாச் சொத்துகளும்' என்பதில் உங்கள் அப்பா டவுனில் வாங்கிய வீட்டு மனையையும் அண்ணன் நுழைத்துவிடுவார் என்பதைக் கையேடு முன்கூட்டியே எச்சரிக்கிறது.

கடுப்பில் உங்கள் பிரிபடாத பாகத்தை வெளியாளுக்கு விற்றுவிடலாமா என்று கேட்கிறீர்கள். விற்கலாம், சட்டம் தடுக்கவில்லை. வாங்குகிறவருக்கு இந்த மூலை என்று காட்டி எந்த மூலையையும் கொடுக்க முடியாது; அவரும் பாக வழக்குதான் போட வேண்டும். அவருக்கு இந்தக் கையேட்டின் ஒரு பிரதியை அன்பளிப்பாகக் கொடுங்கள்.

எப்போது முடியும்?

பாக வழக்கில் எல்லாரும் வாதி, எல்லாரும் பிரதிவாதி. நடுவில் ஒருவர் இறந்தால் 90 நாளுக்குள் அவருடைய வாரிசுகளைச் சேர்க்க வேண்டும். சேர்க்கச் சேர்க்கப் பங்கு சிறுத்து, வழக்குக் கட்டு பெருக்கும். எல்லாம் கடந்து வருவது முதல்நிலைத் தீர்ப்பாணை. அன்று பட்டாசு வெடிக்காதீர்கள். அது உங்களுக்கு ஆறில் ஒரு பங்கு என்றுதான் சொல்லும். அந்த ஆறில் ஒன்று எங்கே இருக்கிறது என்று சொல்லாது. அதற்கு வக்கீல் கமிஷனர் ஒருவர் சர்வேயரையும் சங்கிலியையும் கூட்டிக்கொண்டு வர வேண்டும். அவர் அறிக்கைக்கு எல்லாரும் ஆட்சேபம் போட வேண்டும். பிறகுதான் இறுதித் தீர்ப்பாணை. பிரிக்கவே முடியாத அளவு சிறியது என்றால், 1893ஆம் வருடத்துச் சட்டப்படி விற்றுப் பணமாகப் பிரிக்கச் சொல்லலாம். இறுதித் தீர்ப்பாணை கேட்டு மனுப்போடக் காலவரம்பு இல்லை என்று 2009இல் உச்ச நீதிமன்றம் சொன்னது நம் பரம்பரைக்கே ஆறுதல்: உங்கள் பேரனும் போடலாம். ஆனால் 2022இல், மனுவுக்குக் காத்திராமல் விசாரணை நீதிமன்றங்களே அடுத்த கட்டத்துக்குப் போய்விட வேண்டும் என்று உத்தரவிட்டு, இந்த மரபில் கைவைத்துவிட்டார்கள்.

தவிர்க்க வேண்டிய இடங்கள் இரண்டு. ஒன்று லோக் அதாலத். அங்கே சமரசமாகிவிட்டால் மேல்முறையீடு கிடையாது, கட்டிய கோர்ட் கட்டணத்தையும் திருப்பித் தந்துவிடுவார்கள். மற்றது சார்பதிவாளர் அலுவலகம். உடன்பிறந்தவர்கள் எல்லாரும், அக்கா தங்கைகள் உட்பட, கையெழுத்துப் போடும் நிலையில் இருக்கும்போதே அங்கே போய்ப் பாகப்பிரிவினைப் பத்திரம் பதிந்துவிட்டால், மேலே சொன்ன எந்த வழிமுறையும் உங்களுக்குப் பயன்படாது. 2023 ஜூலையில் கட்டணத்தை உயர்த்திய பிறகும் குடும்பத்துக்குள் ஒரு பாகத்துக்கு முத்திரைத் தீர்வை அதிகபட்சம் 40,000 ரூபாய், பதிவுக் கட்டணம் அதிகபட்சம் 10,000 ரூபாய். இந்த விவரத்தை உங்கள் அப்பாவிடமும் பெரியப்பாவிடமும், இருவரும் இருக்கும்போதே சொல்லிவிடாதீர்கள்.